பிரைட்டன் நகர நூல்கள்

பிரைட்டன் நகர நூல்கள்: இங்கிலாந்தின் தென்கரையில், லண்டனிலிருந்து ஏறத்தாழ 80 கி.மீ. தொலைவில் உள்ள கடற்கரை உல்லாச நகரமான பிரைட்டனின் வரலாற்றையும் அன்றாட வாழ்வையும் எழுதிவைத்த நூல்களின் தொகுதி. முன்னாளில் பிரைட்ஹெல்ம்ஸ்டன் என்று அழைக்கப்பட்ட இந்த மீனவர் ஊர், 18ஆம் நூற்றாண்டின் நடுவில் கடல்நீர்ச் சிகிச்சைக்குப் பெயர்பெற்றது. பிறகு அரச குடும்பத்தின் வரவால் செல்வாக்கடைந்து, 1841இல் ரயில் வந்தபின் லண்டன் மக்களின் விடுமுறைத் தலமாயிற்று. இந்த மூன்று கட்டங்களிலும் ஊரைப் பற்றி ஏராளமாக எழுதினார்கள். அவற்றுள் பெரும்பாலானவை ஊருக்கு வருவோரை மனத்தில் வைத்து எழுதியவை. அங்கேயே பிறந்து உழைத்து மடிந்தவர்களைப் பற்றிய நூல்கள் தொடக்கத்தில் ஒன்றும் கடைசியில் சிலவுமாகவே கிடைக்கின்றன.

தொடக்ககாலம்

1086ஆம் ஆண்டின் டூம்ஸ்டே நிலப்பதிவேட்டில், இவ்வூர்ப் பண்ணைகளில் ஒன்று 4,000 ஹெர்ரிங் மீன்களை வரியாகச் செலுத்தியதாகக் குறிப்பு உள்ளது. அதன்பின் நான்கு நூற்றாண்டுகளுக்குச் சிதறிய குறிப்புகளே எஞ்சியுள்ளன.

பிரெஞ்சுக் கப்பல்கள் ஊரைக் கொளுத்தியதைக் காட்டும் வண்ணப்படம் ஒன்று பிரிட்டிஷ் நூலகத்தில் இருக்கிறது. அதில் குறித்துள்ள ஆண்டு 1545. பழைய உள்ளூர் வரலாறுகள் அதையே பின்பற்றின. படம் காட்டுவது 1514இல் நடந்த தாக்குதலை என்பது பிற்கால ஆய்வாளர் பலரின் கருத்து. இரண்டு ஆண்டுகளையும் நூல்களில் காணலாம்.

ஊரைப் பற்றிய முதல் முழு ஆவணம் 1580இல் எழுதிவைத்த மீனவர் வழக்கங்களின் நூல். ஊர்ச்செலவை யார் எவ்வளவு ஏற்பது என்று மீனவருக்கும் கரைவாசிகளுக்கும் நீண்டநாள் பூசல் இருந்தது. அதைத் தீர்க்க அரசவை அனுப்பிய ஆணையர்கள், பழைய வழக்கங்களைக் கேட்டறிந்து எழுத்தில் ஏற்றினார்கள். ஊரில் அப்போது 80 மீன்பிடிப் படகுகள், 400 கடலோடிகள், 10,000 வலைகள். ஊர்ப் பெரியவர் பன்னிருவரில் எண்மர் மீனவர், நால்வர் கரைவாசிகள். ஒவ்வொரு படகும் தன் வருவாய்ப் பங்கு ஒன்றில் காற்பகுதியைக் கோயிலுக்கும் ஊர்க்காவலுக்கும் எடுத்துவைக்க வேண்டும். எந்தப் பருவத்தில் எந்த அளவுப் படகு போகலாம், எந்த வலை போடலாம், பிடித்ததில் படகுக்கு எத்தனை பங்கு, ஆளுக்கு எத்தனை பங்கு என்று ஒவ்வொரு மீன்பாட்டுக்கும் தனித்தனி விதி இருந்தது. ஹெர்ரிங் தேடி யார்மத் வரையும், காட் மீன் தேடி வடக்கே ஸ்கார்பரோ வரையும் இவ்வூர்ப் படகுகள் போய்வந்தன. இந்த வழக்கநூலை சார்லஸ் வெப், ஏ. இ. வில்சன் ஆகிய இருவரும் பதிப்பித்து 1952இல் வெளியிட்டனர். உழைப்பவர் பங்கை இவ்வளவு கவனமாகக் கணக்கிட்டுச் சொல்லும் நூல் அடுத்த நான்கு நூற்றாண்டுகளில் இவ்வூரிலிருந்து வரவில்லை.

1703, 1705ஆம் ஆண்டுப் புயல்களும் கடலரிப்பும் ஊரை நலியச் செய்தன.

மருந்தான கடல்

சசெக்ஸின் லூயிஸ் நகரில் மருத்துவம் பார்த்த ரிச்சர்ட் ரஸ்ஸல், சுரப்பி நோய்களுக்குக் கடல்நீரைப் பயன்படுத்துவது பற்றி 1750இல் லத்தீனில் ஒரு நூல் வெளியிட்டார். சில ஆண்டுகளுக்குள் அதன் ஆங்கில வடிவமும் வந்தது. நோயாளி கடலில் குளிப்பதோடு கடல்நீரைக் குடிக்கவும் வேண்டும் என்பது அவர் முறை. எரித்த கடற்பஞ்சும் கணவாய் ஓடும்கூட அவருடைய மருந்துப் பட்டியலில் உண்டு. 1753 வாக்கில் பிரைட்டன் கடலோரத்தில் பெரிய வீடொன்று கட்டி நோயாளிகளைத் தங்கவைத்தார். 1759இல் காலமானார்.

பிரைட்டனை ‘உண்டாக்கியவர்’ ரஸ்ஸல் என்றே நெடுங்காலம் எழுதிவந்தார்கள். ஆனால் வில்லியம் கிளார்க் என்ற பாதிரியார், தாம் இங்கே தங்கிக் காலையில் கடலில் குளிப்பதை 1736இலேயே ஒரு கடிதத்தில் குறிப்பிட்டிருக்கிறார். வடக்கே ஸ்கார்பரோவிலும் 1730களில் கடற்குளியல் வழக்கத்தில் இருந்தது. ஆகவே ஏற்கெனவே தளிர்த்திருந்த பழக்கத்தை ரஸ்ஸலின் நூல் நாடறியச் செய்தது என்று கொள்வோர் இன்று அதிகம்.

ஊரின் முதல் அச்சு வரலாற்றை எழுதியவரும் மருத்துவரே. அயர்லாந்தைச் சேர்ந்த அந்தோனி ரெல்ஹன் 1761இல் வெளியிட்ட சிறுநூல், வரலாற்றைச் சுருக்கமாகச் சொல்லிவிட்டுக் காற்றின் தன்மைக்கும் நீரின் பகுப்பாய்வுக்கும் நகர்கிறது. ஏறத்தாழ 2,000 பேர் வாழ்ந்த ஊரின் ஞானஸ்நான, அடக்கப் பதிவேடுகளை ஒப்பிட்டு, அது உடல்நலத்துக்கு ஏற்ற இடம் என்று காட்ட முயன்றார். அவர் நோக்கம் நோயாளிகளை ஈர்ப்பது. ஆனாலும் சாதாரண குடும்பங்களின் பிறப்பும் இறப்பும் இந்நூல்வழியே முதன்முறையாகக் கணக்கில் வந்தன.

அரண்மனைக் காலம்

1783இல் வேல்ஸ் இளவரசர் ஜார்ஜ் முதன்முறையாக வந்தார். 1787இல் ஹென்றி ஹாலண்ட் கட்டிய மாளிகையை, 1815 முதல் 1822 வரை ஜான் நாஷ் இந்தியக் கும்மட்டங்களுடன் மாற்றியமைத்தார். இன்றைய ராயல் பெவிலியன் அதுதான். 1801இல் 7,339ஆக இருந்த மக்கள்தொகை 1821இல் 24,429ஆக உயர்ந்தது.

பிரைட்டன் பற்றிய எழுத்தில் மிகச் செழிப்பான பகுதி இதுவே. ஸ்டெய்ன் திடலைச் சுற்றிய வாடகை நூலகங்களே ஊரின் சந்திப்புக் கூடங்களாகவும் இருந்தன. புதிதாக வந்தவர் அங்கே ஒரு பேரேட்டில் தம் பெயரை எழுதுவார். அதைப் பார்த்து ஊரின் உபசாரத் தலைவர் அவரை நேரில் சென்று வரவேற்பார். வழிகாட்டி நூல்கள் விற்றதும் இந்த நூலகங்களில்தான். விடுதி வாடகை, கோச்சு வண்டி நேரம், நடன இரவுகள், குளியல் வண்டிகளின் கட்டணம் ஆகியவற்றை அடுக்கிவிட்டு, முன்னால் நாலு பக்கம் ஊர் வரலாற்றைச் சேர்ப்பது அவற்றின் வழக்கம். 1795இல் பெயரின்றி வெளிவந்த லூயிஸ்–பிரைட்ஹெல்ம்ஸ்டன் வரலாறு இவற்றைவிட ஆழமானது. பால் டன்வன் என்பவர் எழுதியதாகக் கருதுகிறார்கள். பின்வந்த பலர் அதிலிருந்தே எடுத்தாண்டனர்.

குளிக்க வருவோரைக் கைப்பிடித்து அலையில் முக்கி எடுக்கும் பெண்களுள் மார்த்தா கன் (இறப்பு 1815) ஊரறிந்தவர். ஓவியங்களிலும் நினைவுக் குறிப்புகளிலும் அவர் வருகிறார். அவரோடு தொழில் செய்த மற்றப் பெண்களுக்கு அந்த அளவு இடம் கிடைக்கவில்லை.

இக்கால நூல்களில் தனி இடம் பெறுவது ஷேக் தீன் முகமது எழுதியது. பாட்னாவில் பிறந்து, கிழக்கிந்தியக் கம்பெனிப் படையில் பணியாற்றி, அயர்லாந்தின் கார்க் நகரில் குடியேறி, 1794இல் தம் பயண நூலை ஆங்கிலத்தில் வெளியிட்டவர். 1810இல் லண்டனில் இந்திய உணவகம் நடத்தினார். பிறகு பிரைட்டன் வந்து மூலிகை நீராவிக் குளியலும் உடம்பு பிடித்துவிடுதலும் அளிக்கும் குளியலகத்தைக் கடலோரத்தில் நிறுவினார். இளவரசராக வந்து பின்னர் மன்னரான நான்காம் ஜார்ஜுக்கும் அவரே சிகிச்சையாளர். அம்முறையை விளக்கி 1822இல் அவர் வெளியிட்ட நூலில், குணமடைந்தவர்களின் கடிதங்கள் வரிசையாக உள்ளன. மூட்டுவலியோடு வந்து, நடந்து திரும்பிய மனிதர்களை அவற்றில் காணலாம். அவர் பிறந்த ஆண்டில் குழப்பம் உண்டு. பிரைட்டன் நூல் 1749 என்கிறது. 1794ஆம் ஆண்டுப் பயண நூலைக் கொண்டு 1759 என்று கணிக்கிறார் வரலாற்றாசிரியர் மைக்கேல் ஃபிஷர். 1851இல் காலமான தீன் முகமதுவின் கல்லறை, தூய நிக்கோலஸ் ஆலய வளாகத்தில் உள்ளது.

ரயிலுக்குப் பின்

1841 செப்டம்பரில் லண்டன் ரயில் பிரைட்டனை அடைந்தது. விக்டோரியா அரசி பெவிலியனைக் கைவிட, 1850இல் நகரம் அதை 53,000 பவுண்டுக்கு வாங்கியது. ஜான் ஆக்கர்சன் எரெட்ஜின் வரலாறு 1862இல் வெளிவந்தது. ‘பிரைட்டன் ஹெரால்டு’ இதழை நடத்திய ஜான் ஜார்ஜ் பிஷப், பழைய ஊரைப் பற்றிய நூலை 1880இல் வெளியிட்டார். லூயிஸ் மெல்வில் 1909இல் எழுதியது பெரும்பாலும் இளவரசர் காலத்தையே திரும்பச் சொல்கிறது.

முதல் உலகப்போரில் பெவிலியன் இந்தியப் படைவீரருக்கான மருத்துவமனையானது. உணவு விதிகளை மதித்து அங்கே ஒன்பது சமையற்கூடங்கள் இயங்கின. மாளிகையின் வரலாறும் மருத்துவமனையின் விவரமும் அடங்கிய சிறுநூல் 1915இல் ஆங்கிலம், குர்முகி, உருது ஆகியவற்றில் வெளிவந்தது. ஜாய்ஸ் காலின்ஸ் 1997இல் இம்மருத்துவமனை பற்றித் தனிநூல் எழுதினார்.

இருபதாம் நூற்றாண்டு

ஆஸ்பர்ட் சிட்வெல், மார்கரெட் பார்ட்டன் இருவரும் 1935இல் எழுதிய நூல் இளவரசர் ஜார்ஜ் காலத்து (ரீஜென்சி) கட்டடங்கள்மீது புது ஆர்வத்தைக் கிளப்பியது. 1938இல் கிரஹாம் கிரீனின் ‘பிரைட்டன் ராக்’ நாவல், குதிரைப் பந்தய ரவுடிக் கும்பல்களின் நகரைக் காட்டியது. ஆண்டனி டேல் 1940களில் கட்டடங்களையும் கட்டியவர்களையும் ஆராய்ந்தார். இடிக்கப்படவிருந்த வீதிகளைக் காக்க 1945இல் ரீஜென்சி சங்கத்தைத் தொடங்கியவர்களிலும் அவர் ஒருவர். புவியியலாளர் இ. டபிள்யூ. கில்பர்ட்டின் நூல் (1954), லண்டனின் அண்மை, ரயில், மக்கள்தொகை ஆகியவற்றைக் கொண்டு ஊரின் வளர்ச்சியை விளக்கியது. பெவிலியனின் இயக்குநராக இருந்த கிளிஃபர்ட் மஸ்கிரேவ் 1970இல் வெளியிட்ட ‘லைஃப் இன் பிரைட்டன்’ இன்றும் பலர் முதலில் எடுக்கும் நூல்.

1972இல் குயின்ஸ் பார்க் பூங்காவிலுள்ள பழைய ஸ்பா கட்டடத்தைச் சூதாட்ட விடுதியாக்கும் திட்டத்தை அக்கம்பக்கத்தார் எதிர்த்தனர். அதற்காகத் தொடங்கிய தெருப் பத்திரிகையிலிருந்து வளர்ந்ததே குயின்ஸ்பார்க் புக்ஸ் பதிப்பகம். அதன் முதல் நூல் (1974), தச்சர் ஆல்பர்ட் பால் தம் 1903–1917 ஆண்டுகளின் வறுமையையும் மகிழ்ச்சியையும் எழுதியது. மறு ஆண்டு, பணிப்பெண்ணாக உழைத்த டெய்சி நோக்ஸின் ‘தி டவுன் பீஹைவ்’ வந்தது. உல்லாசப் பயணியின் படுக்கையை விரித்தவரும் அவர் சாப்பிட்ட தட்டைக் கழுவியவரும் இந்தப் புத்தகங்களில் தாமே பேசுகிறார்கள். 1950, 60களின் தன்பாலீர்ப்பாளர் வாழ்க்கையைப் பதிவுசெய்த ‘டேரிங் ஹார்ட்ஸ்’ (1992), மீனவரின் வாய்மொழிகளைத் தொகுத்த ‘கேச்சிங் ஸ்டோரீஸ்’ (1996) ஆகியனவும் இப்பதிப்பகத்தின் வெளியீடுகள்.

அண்மைக்காலம்

டிமதி கார்டரின் ‘பிரைட்டன் கலைக்களஞ்சியம்’ 1990இல் வெளிவந்தது. 1997இல் பிரைட்டனும் அண்டை ஊரான ஹோவும் ஒரே நிர்வாகத்தின் கீழ் வந்தன. 2000இல் அவற்றுக்கு மாநகரத் தகுதி வழங்கப்பட்டது. சூ பெர்ரியின் ‘ஜார்ஜியன் பிரைட்டன்’ (2005), இளவரசர் வருவதற்கு முன்பே உள்ளூர் முதலீட்டாளரும் வணிகரும் ஊரை வளர்த்த விதத்தை ஆராய்கிறது.