ஏழுக்கு நான்கு

ஓவேலியில், தேயிலைத் தோட்டத்து லயன்களிலிருந்து வரும் பிள்ளைகளுக்கு மாலை நேரத்தில் கணக்குச் சொல்லித் தருகிறேன். பத்தாம் வகுப்பின் நேர் மாறுபாட்டுக்குப் பழைய மடிக்கணினியில் ஜியோஜீப்ரா திறப்போம். 2001இல் ஆஸ்திரியாவில் மார்க்குஸ் ஹோஹன்வார்டர் தொடங்கிய இந்த மென்பொருள் நம் பாடநூல்களின் இணையச் செயல்பாட்டுப் பக்கங்களிலும் இருக்கிறது. புள்ளியை மவுஸால் இழுத்தால் கோடும் சமன்பாடும் கூடவே மாறும்.

விகிதத்துக்கு எடுத்துக்காட்டு தேடியபோது, எங்கள் குடும்பங்கள் இங்கே வந்ததே ஒரு விகிதத்தால்தான் என்பது நினைவுக்கு வந்தது. 1964 அக்டோபர் 30 அன்று சிறிமாவோ பண்டாரநாயக்காவும் லால் பகதூர் சாஸ்திரியும் ஒப்பந்தம் செய்தார்கள். நாடற்றவர்களாகக் கணக்கிடப்பட்ட 9,75,000 மலையகத் தமிழரில் இந்தியாவுக்கு 5,25,000 பேர், இலங்கைக்கு 3,00,000 பேர். ஏழுக்கு நான்கு. கூடலூர்ப் பக்கம் ‘சிலோன்காரங்க’ என்று சொல்லப்படும் நாங்கள் அந்த ஏழில் வந்தவர்கள்.

கிடை அச்சில் இலங்கை, செங்குத்து அச்சில் இந்தியா. லட்சக் கணக்கில் (3, 5.25) என்ற புள்ளியை வைத்து, ஆதிப்புள்ளியிலிருந்து கோடு இழுத்தோம். சாய்வு 1.75. மீதி 1,50,000 பேரை 1974இல் சிறிமாவோவும் இந்திரா காந்தியும் ஆளுக்குப் பாதியாகப் பிரித்துக்கொண்டார்கள். அதையும் சேர்த்தால் புள்ளி (3.75, 6). அது கோட்டில் உட்காரவில்லை, சாய்வு 1.6 ஆகிவிட்டது.

“அப்ப ஏழுக்கு நாலு எங்கேருந்து வந்துச்சு டீச்சர்?” என்றாள் ஒருத்தி.

பேரத்திலிருந்து வந்தது. இரண்டாவது பேரத்தில் இரு பிரதமர்களும் பெண்கள். கொழுந்து பறித்த பெண் ஒருத்திகூட அந்த மேசையில் இல்லை.

மறுநாள் குடும்ப மரம் வரைந்தோம். ஆளுக்கொரு புள்ளி, உறவுக்கொரு கோடு. பெண்களின் புள்ளிகளை எல்லாம் ஒரு தேர்வுப்பெட்டியோடு இணைத்தேன். டிக்கை எடுத்தால் அவை மறைந்துவிடும். 1948ஆம் ஆண்டின் இலங்கைக் குடியுரிமைச் சட்டம் செய்தது இதைத்தான். வம்சாவளிக் குடியுரிமை பெற, தந்தையோ, தந்தைவழிப் பாட்டனும் பூட்டனுமோ இலங்கையில் பிறந்திருக்க வேண்டும். என் அம்மாயி இலங்கையில் பிறந்தவர். அவருடைய அம்மாவும் அப்படியே. ஆனால் என் தாத்தா கைக்குழந்தையாகத் திருச்சிப் பக்கமிருந்து போனவர். அதனால் இலங்கையிலேயே பிறந்த என் அம்மா நாடற்றவரானார். இரண்டு தலைமுறைப் பெண்கள் அந்த மண்ணில் பிறந்தது அவருக்கு உதவவில்லை.

பெட்டியில் மறுபடி டிக் போட்டதும் திரை நிறைந்தது. பிள்ளைகள் புள்ளிகளுக்குப் பெயர் எழுதத் தொடங்கினார்கள். தாத்தாக்களின் பெயர் எல்லோருக்கும் தெரிந்திருந்தது. அம்மாயியின் அம்மா பெயர் பலருக்குத் தெரியவில்லை. அதை வீட்டில் கேட்டு வருவதுதான் அன்றைய வீட்டுப்பாடம்.