கரிகாலன் பாடமும் கங்கைகொண்டான் கல்லும்

அரியலூருக்குப் பக்கத்தில் கல்லங்குறிச்சி என்று ஒரு கிராமம். அங்கே கலியுக வரதராஜப் பெருமாள் கோயில் கொண்டிருக்கிறார். பெருமாள் என்றதும் சங்கும் சக்கரமும் அபய ஹஸ்தமும் உங்கள் மனக்கண் முன்னே வந்து நிற்கும். கல்லங்குறிச்சியில் அவை ஒன்றும் கிடையாது. நெடிதுயர்ந்த ஒரு கல் கம்பந்தான் மூலவர். அந்தக் கம்பத்துக்குத்தான் சுற்றுவட்டாரக் குடியானவர்கள் விளைந்த தானியத்தில் ஒரு பங்கைக் கொண்டு வந்து கொட்டிவிட்டுப் போகிறார்கள்.

கல்லுக்கு இவ்வளவு மரியாதை செய்கிற அதே சீமையில், கிழக்கே ஜயங்கொண்டத்தைத் தாண்டிப் போனால், வேறொரு கல்லின் கதை கிடைக்கும். அந்தக் கதையைத்தான் இங்கே சொல்லப் போகிறேன்.

அதற்கு முன் ஒரு வார்த்தை. நான் இண்டர்மீடியட் வகுப்பில் படித்த சரித்திரப் புத்தகம் மிகவும் தெளிவான புத்தகம். கிரேக்கர்கள் உலகத்துக்குச் சிந்திக்கக் கற்றுக் கொடுத்தார்கள். ரோமர்கள் சட்டத்தையும் சாலையையும் கொடுத்தார்கள். அவற்றின் மேல்தான் இக்கால உலகம் எழும்பி நிற்கிறது என்று அதில் அச்சிட்டிருந்தது. நம்முடைய பழங்காலத்துக்கும் ஓர் அத்தியாயம் ஒதுக்கியிருந்தார்கள். ஆனால் அது அருங்காட்சிசாலைக்குப் போய் வருவது போன்ற அத்தியாயம். பார்க்கலாம், பெருமைப்படலாம், வீட்டுக்குத் திரும்பலாம். இக்கால உலகத்தின் கட்டடத்தில் நம்முடைய செங்கல் ஒன்றாவது உண்டா என்ற கேள்வி அதில் எழவே இல்லை.

செங்கல் மட்டுமல்ல, கருங்கல்லே இருக்கிறது!

ஸ்ரீரங்கத்துக்கு மேற்கே முக்கொம்பில் காவிரியிலிருந்து கொள்ளிடம் பிரிகிறது. தீவைச் சுற்றிக்கொண்டு இரண்டும் கீழே மறுபடி நெருங்கி வருகின்றன. அந்த இடத்தில் கொள்ளிடத்தின் படுகை தாழ்வானது. காவிரி சற்று அசந்தால் தண்ணீர் முழுதும் அதில் இறங்கிக் கடலுக்குப் போய்விடும். தஞ்சாவூர் வயல்கள் வாய்பிளந்து நிற்கும். அப்படி இறங்காமல் குறுக்கே கிடப்பதுதான் கல்லணை. ஆயிரம் அடிக்கு மேல் நீளம்; நேர்கோட்டில் போகாமல் வளைந்து வளைந்து போகும். கரிகாலன் கட்டியது என்பது வழிவழியாக வந்த செய்தி. சங்கப் பாடல்களில் இந்த அணையைப் பற்றி நேராக ஒன்றும் காணோம். ஆனால் கரிகாலன் காவிரிக்குக் கரை கட்டினான் என்று பிற்காலத்துச் செப்பேடுகள் சொல்கின்றன. கட்டியவன் பெயரில் ஐயம் இருப்பவர்களுக்கும் கட்டிய விதத்தில் ஐயம் இல்லை.

அந்த விதந்தான் முக்கியமானது. ஆற்று மணலைத் தோண்டிக்கொண்டே போனால் பாறை கிடைப்பதில்லை. அஸ்திவாரம் எதன் மேல் போடுவது? பழைய ஆட்கள் மணலோடு மல்லுக்கு நிற்கவில்லை. பெரிய பெரிய கற்களைக் கொண்டு வந்து மணலின் மேல் போட்டார்கள். அவை அமிழ்ந்தன. அதன் மேல் மறுபடி போட்டார்கள். இனி அமிழாது என்று கல் தானாக நிலைகொண்ட பிறகு, களிமண்ணைச் சேர்த்து மேலே எழுப்பினார்கள். மணலைத் தோண்டி வெல்ல முடியாது, அது சோர்ந்துபோகும்வரை கொடுத்துக்கொண்டே இருக்க வேண்டும் என்று கண்டுகொண்ட அந்தப் பெயர் தெரியாத கொத்தனுக்கு எந்தச் சரித்திரப் புத்தகத்திலும் படம் போடவில்லை.

பத்தொன்பதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் காவிரியின் தலைப்பு மணல் தூர்ந்து, தண்ணீர் மேலும் மேலும் கொள்ளிடத்தில் சாயத் தொடங்கிவிட்டது. தஞ்சாவூர் விளைச்சல் குறைந்தது. விளைச்சலோடு கும்பெனியாரின் வரி வருமானமும் குறைந்தது. இரண்டாவது குறை சென்னைக் கோட்டையில் சீக்கிரம் உணரப்பட்டிருக்க வேண்டும்! பரிகாரம் தேட வந்த எஞ்ஜினீயர்களில் ஒருவர் ஆர்தர் காட்டன். 1803-ல் பிறந்தவர். ஆழங்காண முடியாத மணலில் அடித்தளம் போடுவது எப்படி என்பதைக் கல்லணையைப் பார்த்துத்தான் கற்றுக்கொண்டோம் என்று அவரே பின்னால் எழுதி வைத்தார். ஆளுகிற ஜாதியைச் சேர்ந்த ஒருவர் ஆளப்படுகிறவர்களுடைய பாட்டன்மாரிடம் பாடம் கேட்டதாக ஒப்புக்கொள்வது அந்தக் காலத்தில் சர்வ சாதாரணமான காரியம் அல்ல. அந்த மட்டில் அவரைக் கையெடுத்துக் கும்பிடலாம்.

அந்தப் பாடத்தை வைத்துக்கொண்டு 1836-ஆம் ஆண்டை ஒட்டிக் கொள்ளிடத்தில் இரண்டு அணைகள் எழுந்தன. மேலணை முக்கொம்பில். கீழணை, எழுபது மைலுக்குக் கீழே அணைக்கரையில். பிறகு காட்டன் கோதாவரிக்குப் போனார். 1833-ஐ ஒட்டிய பஞ்சத்தில் ஜனங்கள் கொத்துக் கொத்தாக மடிந்த சீமை அது. 1847-ல் தொடங்கி 1852-ல் தவளேசுவரத்தில் இரண்டு மைலுக்கு மேற்பட்ட அணையைக் கட்டி முடித்தார். அங்கேயும் ஆற்று மணல்தான், கரிகாலன் பாடந்தான். இன்றைக்கும் கோதாவரிக் கரையில் ஊர் ஊராக அவருக்குச் சிலை வைத்திருக்கிறார்கள்.

கல்லைப் பற்றிய பாடம் பிறகு கருத்தைப் பற்றிய வழக்காக வளர்ந்தது. 1876 முதல் 1878 வரை தென்னாட்டைத் தின்ற தாது வருஷப் பஞ்சத்தின்போது, இந்தியாவுக்கு வேண்டியது ரயிலா, தண்ணீரா என்று இங்கிலாந்தில் பெரிய வாதம் நடந்தது. தண்ணீர் என்று வாதாடி, பார்லிமெண்டுக் கமிட்டியின் முன் சாட்சி சொன்னவர் காட்டன். அவர் பக்கம் நின்று எழுதியவர்களில் ஒருவர், விளக்கேந்திய மாது என்று நாம் பள்ளியில் படித்த பிளாரன்ஸ் நைட்டிங்கேல். குடிகளுக்குத் தண்ணீர் கொடுப்பது அரசின் முதல் கடமை என்பது அவர்களுடைய கட்சி. சோழர்களுக்கு அது கட்சியாகத் தெரிந்திராது. ராஜ தர்மத்தின் அரிச்சுவடியாகத் தெரிந்திருக்கும்.

இதுவரை நல்ல கதை. இனிமேல் கீழணைக்குத் திரும்ப வேண்டும்.

அணை கட்டக் கல் வேண்டும். அணைக்கரையைச் சுற்றிலும் வண்டல் மண். தேடினாலும் கருங்கல் கிடைக்காது. ஆனால் சில மைலுக்கு வடக்கே, செதுக்கிய கருங்கல் மலைபோல் குவிந்திருந்தது. ராஜேந்திர சோழன் கங்கை வரை சேனையை அனுப்பி வென்றதன் நினைவாக எழுப்பிய கங்கைகொண்ட சோழபுரத்துக் கோயில் அது. நூற்றெண்பது அடி விமானம். சுற்றிலும் பெரிய திருமதில். தலைநகரம் அழிந்து, சோழகங்கம் என்ற ஏரி உடைந்து, ஊர் காடு மண்டிக் கிடந்த காலம். கேட்பாரில்லை என்று எண்ணினார்கள் போலும். மதிலை ஏறக்குறைய முழுதும் பெயர்த்தார்கள். சிற்பக் கற்களும் வண்டியேறின.

கேட்பார் இருந்தார்கள்! அந்த ஊர் ஏழை ஜனங்கள் குறுக்கே நின்றார்கள். தங்களால் ஆனமட்டும் தடுத்தார்கள். அதிகாரத்தை அவமதித்த குற்றத்துக்காக அவர்கள் தண்டிக்கப்பட்டார்கள். இதைச் சொல்வது கோபங்கொண்ட தேசபக்தர் யாரும் அல்ல. 1855-ல் சென்னையில் ஆங்கிலத்தில் அச்சான ஒரு தென்னிந்தியக் கெஸட்டியர்தான் சொல்கிறது. கல் மதிலுக்குப் பதிலாகச் செங்கல் மதில் கட்டிக் கொடுப்பதாக வாக்குக் கொடுத்தார்களாம். அந்த வாக்கு நிறைவேறவே இல்லை என்பதையும் அந்தப் புத்தகமே வெட்கத்தோடு பதிவு செய்திருக்கிறது.

ராஜேந்திரன் மட்டும் பிறர் பொருளைத் தொடாதவனா என்று நீங்கள் கேட்கலாம். நியாயமான கேள்வி. சாளுக்கிய நாட்டிலிருந்தும் கலிங்கத்திலிருந்தும் வெற்றிச் சின்னமாக வந்த சிலைகள் இன்றும் அந்த ஊரில் இருக்கின்றன. ஆனால் அவற்றுக்கு அவன் நாட்டார் விளக்கேற்றினார்கள், பூச்சூட்டினார்கள். ஆற்றுக்குள் போட்டு மணலால் மூடவில்லை. பறித்தல் இரண்டிலும் பறித்தல்தான். எனினும் பறித்த பொருள் இன்னதென்று தெரிந்து பறிப்பதற்கும், வெறும் கல் என்று நினைத்துப் பறிப்பதற்கும் வித்தியாசம் உண்டு என்றே எனக்குத் தோன்றுகிறது.

இங்கே என் மனம் ஒரு பக்கமாய் நிற்க மறுக்கிறது. கீழணை வேண்டாத அணையா? அல்ல. மேலணையால் கொள்ளிடத்தில் நீர் குறைந்தபோது, அந்த ஆற்றை நம்பியிருந்த குடிகளைக் காப்பாற்றியது கீழணைதான். அங்கிருந்து வடவாறு வழியாக வீராணத்துக்குத் தண்ணீர் போகிறது. வீராணம் என்றால் வீரநாராயண ஏரி. ‘பொன்னியின் செல்வன்’ படித்தவர்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை. வந்தியத்தேவன் குதிரையில் வந்து நின்று பார்க்கிற அதே ஏரி. 2004-ஆம் ஆண்டு முதல் அந்த ஏரித் தண்ணீர் குழாய் வழியாகச் சென்னைக்கும் வந்துகொண்டிருக்கிறது. சோழன் மதிற்கல்லில் முட்டித் திரும்பிய தண்ணீர் சோழன் ஏரியில் தங்கி, மாம்பலத்திலும் மயிலாப்பூரிலும் குடத்தில் விழுகிறது. அந்தக் கோயிலைப் பற்றி அதைக் குடிக்கிறவர்களில் யாருக்குத் தெரியும்?

2018 ஆகஸ்டு வெள்ளத்தில் முக்கொம்பு மேலணையின் கொள்ளிடப் பகுதியில் ஒன்பது மதகுகள் அடித்துக்கொண்டு போயின. பக்கத்தில் புதிய கதவணை கட்ட வேண்டியதாயிற்று. அதே வெள்ளம் கல்லணையையும் கடந்துதான் போயிற்று.

கங்கைகொண்ட சோழபுரம் இப்போது காடாக இல்லை. 2004-ல் யுனெஸ்கோவின் உலகப் பாரம்பரியப் பட்டியலில் சேர்ந்தது. புல்வெளி போட்டிருக்கிறார்கள், பஸ் பஸ்ஸாக ஜனங்கள் வருகிறார்கள். விமானத்தை அண்ணாந்து பார்த்துவிட்டு, நந்தியோடு படம் எடுத்துக்கொண்டு திரும்புகிறார்கள். கதை எழுதுகிறவன் ஆகையால் எனக்கு வேறு ஆசை. வண்டிக்கு முன்னால் குறுக்கே நின்று தண்டனை வாங்கிக்கொண்ட அந்த ஆட்களில் ஒருவனுடைய பெயரையாவது தெரிந்துகொள்ள வேண்டும். 1855-ஆம் வருஷத்துப் புத்தகம் அவர்களை ஏழை ஜனங்கள் என்று மாத்திரம் குறிப்பிட்டுவிட்டு, அடுத்த ஊருக்குப் போய்விடுகிறது.