28-ஏ பிறந்த கதை

நில எடுப்புப் பணத்தை வாங்கும்போது, 'ஆட்சேபணையுடன் பெற்றுக்கொண்டேன்' என்று எழுதிக் கையெழுத்துப் போட வேண்டும். அந்த ஒரு வரி விட்டுப்போனால், 1894-ஆம் ஆண்டு நில எடுப்புச் சட்டப்படி, கூடுதல் இழப்பீடு கேட்டு கோர்ட்டுக்குப் போகும் 18-ஆவது பிரிவு உரிமை கைவிட்டுப் போனது. எழுதியவருக்கும் கெடு இருந்தது. கலெக்டர் தீர்வம், அதாவது இழப்பீட்டை நிர்ணயிக்கும் உத்தரவு, சொன்னபோது எதிரில் இருந்தவருக்கு 6 வாரம். இல்லாதவருக்கு, நோட்டீஸ் கிடைத்து 6 வாரம் அல்லது தீர்வத் தேதியிலிருந்து 6 மாதம், இதில் எது முந்துகிறதோ அது. ஒரு நாள் பிந்தினாலும் கலெக்டரால் மன்னிக்க முடியாமல் இருந்தது. அவர் கோர்ட் அல்ல என்பதே காரணம்.

விளைவு எப்படி இருந்தது? ஒரே அறிவிக்கை, ஒரே வாய்க்கால் பாசனம், அடுத்தடுத்த சர்வே எண்கள். வக்கீல் வைக்க வசதியுள்ளவர் சப் கோர்ட்டில் செண்டுக்கு இரண்டு மடங்கு வாங்கிவிடுவார். வரப்புக்கு இந்தப் பக்கத்துக்காரருக்கு முதலில் கொடுத்ததோடு சரி. 90 வருடம் சட்டம் இதைச் சகித்துக்கொண்டது.

1984 செப்டம்பர் 24-இல் அமலுக்கு வந்த திருத்தம், சந்தை விலைக்கு மேல் தரும் ஆறுதல் தொகையை 15 சதவீதத்திலிருந்து 30 ஆக்கியது. கூடவே 28-ஏ என்றொரு பிரிவையும் நுழைத்தது. கோர்ட் வழியை வசதி படைத்தவர்களே பயன்படுத்துகிறார்கள், வாயற்ற ஏழைகள் பயன்படுத்துவதில்லை, அதனால் ஒரே தரமான நிலத்துக்கு வெவ்வேறு விலை போகிறது என்று மசோதாவின் நோக்க உரையே ஒப்புக்கொண்டது. அரசாங்கம் இப்படி வாய்விட்டுச் சொல்வது அபூர்வம். இனி ஒருவர் கோர்ட்டில் கூடுதல் தொகை வாங்கினால், அதே அறிவிக்கையில் நிலம் இழந்து, வழக்குப் போடாத மற்றவர்களும் 3 மாதத்துக்குள் கலெக்டரிடம் மனுக் கொடுத்து மறுநிர்ணயம் கேட்கலாம். தீர்ப்பு நகல் வாங்க ஆகும் நாட்கள் அந்தக் கணக்கில் சேராது.

பிரிவு பிறந்தது, ஆனால் அதன் உயரமும் அகலமும் உச்ச நீதிமன்றத்தில்தான் முடிவாயின. எந்தத் தீர்ப்பிலிருந்து 3 மாதம்? ஒரு அறிவிக்கைக்குப் பல வழக்குகள் இருந்தால் முதல் தீர்ப்பிலிருந்துதான் என்று பாபுவா ராம் வழக்கில் இரு நீதிபதிகள் சொன்னார்கள். பிந்தியவர்களுக்காக வந்த பிரிவில் மறுபடியும் பிந்தியவர்கள் வெளியே நின்றார்கள். 1995-இல் பிரதீப் குமாரி வழக்கில் மூன்று நீதிபதிகள் அதை மாற்றினார்கள்: பின்னால் வந்த தீர்ப்பை வைத்தும் கேட்கலாம். 2002-இல் ஹன்சோலி தேவி வழக்கில் ஐந்து நீதிபதிகள் இன்னும் ஒரு படி போனார்கள். 18-ஆவது பிரிவு மனு காலதாமதத்தால் தள்ளுபடியானவரும் 28-ஏ கேட்கலாம். ஆட்சேபணை எழுதாமல் பணம் வாங்கியவரும் கேட்கலாம்.

தாமதம் குடியானவரின் குணம் மட்டுமல்ல, அரசும் பிந்தும். நில இழப்பீட்டை உயர்த்தியதை எதிர்த்து அனந்தநாக் நில எடுப்பு கலெக்டர் 4 நாள் பிந்தி மேல்முறையீடு செய்தார். 1987-இல் உச்ச நீதிமன்றம் அதை மன்னித்தது. தாமத மன்னிப்புக் கேட்டு யார் கோர்ட்டுக்குப் போனாலும், அரசே ஆனாலும் தனியாரே ஆனாலும், வக்கீல் முதலில் நீட்டுவது அந்தத் தீர்ப்பைத்தான்.

28-ஏ-க்குத் திரும்பினால், அதில் ஒரு பெரிய ஓட்டை இருந்தது. கோர்ட் தொகையை உயர்த்திவிட்டது என்று மற்றவர்களுக்குத் தெரிவிக்கும் கடமையை அந்தப் பிரிவு யார் மீதும் வைக்கவில்லை. 3 மாதத்தைத் தகவல் தெரிந்த நாளிலிருந்து கணக்கிடலாமா என்று கேட்டதற்கு, தீர்ப்புத் தேதியிலிருந்துதான் என்று 2003-இல் உச்ச நீதிமன்றத்திலிருந்து பதில் வந்தது. பக்கத்து நிலத்துக்காரர் வழக்கில் ஜெயித்ததை டீக்கடையில் ஆறு மாதம் கழித்துக் கேள்விப்பட்டால் வேலைக்கு ஆகாது.

2014 ஜனவரி 1 முதல் நடப்பிலுள்ள புதிய நில எடுப்புச் சட்டத்தில் இந்தப் பிரிவு 73 என்ற எண்ணோடு இருக்கிறது. 18-க்குப் பதில் வந்த 64-ஆவது பிரிவில், தக்க காரணம் காட்டினால் மேலும் ஓராண்டு வரை மனுவை ஏற்கும் அதிகாரம் கலெக்டருக்குக் கிடைத்தது. 73-இல் கெடு அதே 3 மாதம்தான்.