கனவுக்கு ஒரு நூல்



சிலப்பதிகாரத்தின் கனாத்திறமுரைத்த காதையை வகுப்பிலே படிப்பித்துக்கொண்டிருந்தேன். தான் கண்ட தீக்கனவைக் கண்ணகி தேவந்திக்கு எடுத்துரைக்கும் இடம். பின்வாங்கிலிருந்த மாணவி ஒருத்தி எழுந்து, "சேர், கெட்ட கனவை ஆருக்கும் சொல்லிப்போட்டால் பலிக்காது எண்டு அம்மம்மா சொல்லுறவ. கண்ணகி சொன்ன பிறகும் ஏன் பலிச்சது?" என்று கேட்டாள்.

உடனே விடை சொல்ல என்னால் முடியவில்லை. அக்கேள்வியோடு நூல்களைப் புரட்டியபோது மூவாயிரம் ஆண்டுகளுக்கு முற்பட்ட எகிப்திய ஏடொன்றிடம் போய்ச் சேர்ந்தேன்.

காலத்தையும் கனவையும் கடக்க வழிகாட்டும் அதிசயப் புத்தகங்கள் கற்பனைக் கதைகளில் வருவதுண்டு. எகிப்தியரோ அத்தகைய நூல்களை உண்மையாகவே எழுதி வைத்திருந்தனர். நைல் நதியின் மேற்குக் கரையிலே, இன்றைய லுக்சோர் நகருக்கு எதிரே, டெய்ர் எல் மதீனா என்ற இடத்தில் ஒரு தொழிலாளர் கிராமம் இருந்தது. மன்னர்களின் கல்லறைகளைக் குடைந்து ஓவியந் தீட்டியவர்கள் அங்கே வாழ்ந்தனர்.

அக்கல்லறைச் சுவர்களில் இடம்பெற்ற நூல்களுள் ஒன்று 'அம்துவாத்'. கி.மு. 15ஆம் நூற்றாண்டில் ஆண்ட மூன்றாம் துத்மோசின் கல்லறையில் அதனை முழுமையாகக் காணலாம். மறைந்த சூரியன் படகேறி இரவின் பன்னிரண்டு மணிகளையும் ஒவ்வொன்றாகக் கடப்பதே அதன் பொருள். வழியிலே நீரற்ற மணல்வெளி வரும். படகை இழுத்துச் செல்லவேண்டும். ஏழாம் மணியிலே அபோபிஸ் என்னும் பாம்பு மறிக்கும். பன்னிரண்டாம் மணியிலே சூரியன் பெரும் பாம்பொன்றின் உடலுக்குள் வாற்புறமாகப் புகுந்து, வாய்வழியே இளமையோடு வெளிவருவான். மன்னனுக்கு இரவின் வழி இவ்வாறு வகுத்துக் கொடுக்கப்பட்டது.

ஆனால், அச்சுவர்களுக்கு வண்ணம் பூசிவிட்டு வீடு திரும்பிய தொழிலாளியும் இரவைக் கடக்க வேண்டியிருந்ததல்லவா? அவனுடைய கிராமத்திலே இருந்தது கனவு நூல். இரண்டாம் ராம்சேசின் காலத்தில், கி.மு. 13ஆம் நூற்றாண்டில், எழுதப்பட்ட இந்தப் பப்பைரஸ் சுருள் 1928இல் அங்கே கண்டெடுக்கப்பட்டது. அலன் கார்டினர் அதனை 1935இல் பதிப்பித்தார். இன்று இலண்டனிலுள்ள பிரித்தானிய நூதனசாலையில் இருக்கிறது.

கண்ட காட்சி, நன்று அல்லது தீது என்ற தீர்ப்பு, அதன் பலன் என்று நிரல்நிரலாக அது செல்கிறது. பெரிய பூனையைக் கண்டால் நல்ல விளைச்சல். ஆற்றில் மூழ்கக் கண்டால் தீமைகள் கழுவப்படும். ஆழமான கிணறு சிறையைக் குறிக்கும். கண்ணாடியில் தன் முகத்தைக் கண்டால் வேறொரு மனைவி வாய்ப்பாள், அது தீக்கனவாம்! பலன்களிற் பல சொற்களின் ஒலி ஒப்புமையிலே பிறந்தவை. தீது என்ற சொல் மட்டும் செம்மையினால் எழுதப்பட்டுள்ளது.

இந்த ஏட்டை வைத்திருந்தவர் கென்ஹெர்கெப்ஷெப் என்ற எழுத்தர். கையெழுத்து நன்றாயில்லாதவர் என்று ஆராய்ச்சியாளரிடையே பெயர் பெற்றவர். ஏட்டின் பின்புறத்திலே, கி.மு. 1274இல் நடந்த காதேசுப் போர் பற்றிய பாடலைத் தம் கையாற் படியெடுத்திருக்கிறார். பேயொன்றை விரட்டும் மந்திரம் ஒன்றும் அவர் கையெழுத்தில் உள்ளது. இரவுக்கு அஞ்சிய மனிதர் போலும்.

அவரது மனைவி நவுநக்தே அவருக்குப் பின் மறுமணஞ் செய்து எட்டுப் பிள்ளைகளை வளர்த்தாள். கி.மு. 1145 அளவில், முதுமையிலே தன்னைப் பராமரியாத பிள்ளைகளுக்குத் தன் சொத்திற் பங்கில்லை என்று மன்றின் முன்னே உயில் செய்தாள். பங்கு பெற்றவர்களுள் ஒருவன் அமென்நக்தே. கனவு நூலில் அவனது பெயரும் எழுதப்பட்டிருக்கிறது. எழுத்தரின் ஏடு தாயின் வழியாக அவனிடம் வந்திருக்க வேண்டும்.

அந்நூலிலே என்னைத் தொட்டது பலன்களின் பட்டியல் அன்று. தீக்கனவுகளை வரிசைப்படுத்திய பின்னர், அவற்றுக்கு ஒரு கழுவாயும் கூறப்படுகிறது. கனவு கண்டவன் தன்னை ஹோரஸ் என்னும் பிள்ளையாகப் பாவித்துத் தாய் இசிசை அழைக்க வேண்டும். அவள் வந்து, கண்டதைச் சொல், துன்பம் நீங்கும் என்று தேற்றுவாள். பிறகு பியரில் நனைத்த அப்பத்தையும் பச்சிலைகளையும் கொண்டு முகத்தைத் துடைத்துவிட வேண்டும். தீது என்று செம்மையிலே எழுதிய கை, அஞ்சியவனைத் தாயிடம் அனுப்பவும் மறக்கவில்லை.

தேவந்தியும் அப்படித்தான் கண்ணகிக்குக் கழுவாய் கூறினாள். குண்டங்களில் நீராடிக் காமவேள் கோட்டத்தைத் தொழச் சொன்னாள். கண்ணகி அது தனக்குப் பெருமையன்று என மறுத்தாள். வருவது வந்தது.

அடுத்த பாடவேளையில் அந்த மாணவிக்கு நான் சொன்னது இதுதான். "பிள்ளை, கனவைச் சொல்லுறதாலை நடக்கப்போறது மாறுமோ எண்டு எனக்குத் தெரியாது. ஆனால் கண்ணகி அந்தப் பயத்தைத் தனியச் சுமக்கேல்லை. அம்மம்மாவும் அதைத்தான் சொல்லியிருப்பா."

அவள் சற்று யோசித்தாள். பிறகு, "அப்ப நான் இண்டைக்கு அம்மாவுக்குச் சொல்லுறன் சேர்" என்றாள். என்ன கனவு என்று நான் கேட்கவில்லை.