கடைசி யாஹி

1911 ஆகஸ்ட் 29. கலிஃபோர்னியாவின் ஓரோவில் ஊருக்கு வெளியே ஓர் இறைச்சிக்கூடத்தில் ஒரு மனிதர் பிடிபட்டார். பசியில் வற்றிய உடம்பு, துக்கம் காக்கத் தீயில் பொசுக்கிய தலைமுடி, வயது ஐம்பதை ஒட்டி. அவர் பேச்சு யாருக்கும் பிடிபடவில்லை. குற்றம் எதுவும் செய்யாதவரை ஷெரீப் சிறையில் வைத்தார். வேறு எங்கே வைப்பதென்று தெரியவில்லை.

செய்தியறிந்து சான் பிரான்சிஸ்கோவிலிருந்து மானிடவியலாளர் வாட்டர்மேன் வந்தார். கையில் அப்பகுதிப் பழங்குடி மொழியான யானாவின் சொற்பட்டியல். ஒவ்வொன்றாகப் படித்தார், ஒன்றும் எடுபடவில்லை. கடைசியில் பைன் மரக் கட்டிலைத் தட்டி, அந்த மரத்தின் பேரான 'சிவினி'யைச் சொன்னார். கைதியின் முகம் மலர்ந்தது. அவரும் கட்டிலைத் தட்டித் தட்டி அதையே திரும்பச் சொன்னார்.

அவர் யானா மக்களின் தென்கிளையான யாஹியைச் சேர்ந்தவர். 1848இல் தங்கம் கிடைத்த சேதி பரவியதும் வெள்ளையர் அலையலையாக வந்து இறங்கினார்கள். மான் குறைந்தது, ஆற்றில் மீன் குறைந்தது. பசிக்கு மாட்டைப் பிடித்த யாஹிகளைக் குடியேறிகள் கூட்டங்கூட்டமாகச் சுட்டுக் கொன்றார்கள். இருபதே ஆண்டுகளில் மிஞ்சியது ஒரு கைப்பிடி. அவர்கள் டீர் க்ரீக் பள்ளத்தாக்கில் காலடி பதியாமல் பாறை மேல் நடந்து, புகை தெரியாமல் அடுப்பு மூட்டி, சுமார் நாற்பதாண்டு ஒளிந்து வாழ்ந்தார்கள்.

1908இல் நில அளவைக்காரர்கள் அந்த ஒளிவிடத்துக்குள் புகுந்தனர். நடக்க முடியாத கிழவி ஒருத்தி போர்வைக்குள் கிடந்தாள். அவளைத் தொடவில்லை, கருவிகளையும் போர்வைகளையும் நினைவுப்பொருளாக அள்ளிப்போனார்கள். நேரடிக் கொலையைவிட இதில் குரூரம் குறைவென்று சொல்ல முடியாது. கிழவி, பின்னாளில் ஓரோவிலில் பிடிபட்டவரின் தாய், விரைவிலேயே இறந்தாள். அன்று தப்பி ஓடிய தங்கையை அவர் பிறகு பார்க்கவே இல்லை.

தன் பேரைத் தானே சொல்வது யாஹிகள் வழக்கமில்லை. ஆகவே பிடிபட்டவருக்கு மானிடவியலாளர் க்ரோபர் 'இஷி' என்று பேர் வைத்தார். சான் பிரான்சிஸ்கோவுக்கு அழைத்துப்போனார்கள். அங்கே க்ரோபரின் அருங்காட்சியகமே வீடானது, அங்கேயே துப்புரவு வேலை, சம்பளம். ஞாயிறுகளில் பார்வையாளர் முன்னால் பாட்டில் கண்ணாடியைச் செதுக்கி அம்புமுனை செய்வார். மருத்துவர் போப் அவரிடம் வில்வித்தை பழகினார். நண்பர்களுக்குக் குறைவில்லை. தாய்மொழியில் சரளமாகப் பதில் சொல்லத்தான் ஓர் ஆளும் இல்லை. ஒலி பதியும் மெழுகு உருளைகளிடம் மணிக்கணக்காகக் கதை சொன்னார்.

1916 மார்ச்சில் காசநோய் அவரைக் கொண்டுபோனது. உடலை அறுக்க வேண்டாமென்று க்ரோபர் நியூயார்க்கிலிருந்து எழுதிய கடிதம் தாமதமாக வந்தது. அறுத்தெடுத்த மூளையை ஸ்மித்சோனியன் அருங்காட்சியக நிறுவனத்துக்கு அனுப்பியவரும் அதே க்ரோபர்தான். 2000ஆம் ஆண்டில்தான் அது யானா வழிவந்தோரின் கைக்குத் திரும்பியது.