காலையில் புளிக்கும் இலை

இலையின்வழி இனவிருத்தி செய்யும் தாவரத்திற்கு எடுத்துக்காட்டாக நம் அறிவியல் பாடத்தில் வருவது ரணகள்ளி, மலாய்மொழியில் செட்டாவார். இலையை ஈரமண்மீது கிடத்தினால் அதன் விளிம்பிலுள்ள வெட்டுகளிலிருந்து சிறு கன்றுகள் எழும். பாடம் முடிந்ததும் செடி வகுப்பறைச் சன்னலோரத்திற்குப் போகும். சில வாரங்களில் தண்டு அழுகிச் சாய்ந்துவிடும். கவனிப்பாரின்றி அன்று, நாளுக்கொரு மாணவர் முறைவைத்து அன்போடு நீரூற்றியதால்!

மடகாஸ்கர் தீவைத் தாயகமாகக் கொண்ட இச்செடி, 1800ஆம் ஆண்டிற்கு முன்பே இந்தியத் தோட்டங்களில் வேரூன்றியிருந்தது. 1805இல் ஆங்கிலேயத் தாவரவியலாளர் சாலிஸ்பரி இதற்குப் 'பிரையோபில்லம்' எனப் பெயரிட்டார். 'துளிர்க்கும் இலை' என்பது அக்கிரேக்கச் சொற்களின் பொருள். ஜெர்மானியக் கவிஞர் கோத்தே இதனைத் தம் வைமார் நகர வீட்டில் வளர்த்து, இலைகளை நண்பர்களுக்குப் பரிசாக அளித்து மகிழ்ந்தார். உறைபனி நிலத்தில் வெளியே பிழைக்க இயலாத செடி, இவ்வாறு வீட்டுச் செடியாயிற்று. ஜெர்மானியர் இன்றும் இதனைக் 'கோத்தே செடி' என்கின்றனர்.

கோத்தே கண்ணால் இரசித்தார். இன்னொரு ஜெர்மானியரோ நாவால் ஆராய்ந்தார். அவர் பெஞ்சமின் ஹெய்னே. மொரேவியச் சமயக் குழுவினராகத் தரங்கம்பாடிக்கு வந்து, பின்னர்க் கிழக்கிந்தியக் கம்பெனியில் தாவரவியலாளராகவும் மருத்துவராகவும் பணியாற்றி, 1819இல் சென்னையில் மறைந்தவர். லண்டன் லின்னேயன் கழகத்தைச் சேர்ந்த லாம்பர்ட் என்பாருக்கு அவர் எழுதிய கடிதம் 1815இல் அச்சேறியது. இச்செடியின் இலை காலையில் புளிக்கீரைபோல் புளிக்கிறது. நண்பகலில் சுவையற்றுப் போகிறது. மாலையில் சற்றே கசக்கிறது என்பதே அதன் சாரம். ஒரே இலையை மூன்று வேளையும் சுவைத்துப் பார்க்க எத்தனை பேருக்குத் தோன்றும்?

அதற்குச் சற்றுமுன், 1804இல், ஜெனீவாவைச் சேர்ந்த சொசூர் கள்ளிச்செடிகள் இருளில் வளியை உள்ளிழுப்பதைக் கண்டிருந்தார். இவ்விரு செய்திகளும் ஒன்றோடொன்று பொருந்தி முழுவிளக்கம் பெற ஒரு நூற்றாண்டுக்கும் மேலாயிற்று. பெரும்பாலான செடிகள் பகலில் இலைத்துளைகளைத் திறந்து கரிவளியைப் பெறுகின்றன. அப்போது நீர் ஆவியாகி வெளியேறுகிறது. வறண்ட நிலத்தில் அஃது உயிருக்கே கேடு. எனவே ரணகள்ளி இரவில் துளைகளைத் திறந்து, கரிவளியை மாலிக் அமிலமாக மாற்றிச் சேமிக்கிறது. விடிந்ததும் துளைகளை மூடிக்கொண்டு, அச்சேமிப்பைச் செலவிட்டு உணவு சமைக்கிறது. ஹெய்னே சுவைத்த காலைப் புளிப்பு அந்த அமிலமே.

வீட்டிற்குள் வளர்க்கும் முறையும் இதிலிருந்தே பிறக்கிறது. பகலில் துளைகளை மூடிச் சிக்கனமாக வாழும் செடிக்கு நாள்தோறும் நீர் தேவையில்லை. மண்ணில் விரல்விட்டு, ஓர் அங்குல ஆழம்வரை உலர்ந்திருந்தால் மட்டுமே ஊற்றுக. நம் நாட்டுக் காற்றின் ஈரப்பதத்தில் மண் உலரவே நாளாகும். ஆகவே மணல் கலந்த மண்ணும் அடியில் துளையுள்ள பூச்சட்டியும் இன்றியமையாதவை. நீர் தேங்கும் அடித்தட்டை அகற்றிவிடலாம். சேமித்த அமிலம் உணவாக மாற ஒளி வேண்டுமாதலால் காலை வெயில் படும் சன்னலே ஏற்ற இடம். இருண்ட மூலையில் வைத்தால் தண்டு மெலிந்து நீளும்.

இத்தகைய செடியைப் படுக்கையறையில் வைத்தால் இரவெல்லாம் உயிர்வளி தரும் என்று பலர் எழுதுகின்றனர். அது சரியன்று. இரவில் அது கரிவளியைப் பெறுகிறதே தவிர, உயிர்வளி ஒளியுள்ள பகலில்தான் வெளிப்படுகிறது.

ஹெய்னேயின் சோதனையை வகுப்பில் செய்துபார்க்க விரும்பும் ஆசிரியர்கள் மாணவர்களைச் சுவைக்க விடவேண்டா. இதில் இதயத்தைத் தாக்கும் நச்சுப்பொருள்கள் உள்ளன. மேய்ந்த கால்நடைகளுக்குக்கூடக் கேடு நேர்ந்ததுண்டு. மாறாக, காலைச் சபைகூடலுக்கு முன் ஓர் இலையையும், அதே செடியில் பிற்பகல் ஓர் இலையையும் பறித்து, நசுக்கிய சாற்றைப் பிஎச் தாளில் தோய்க்கலாம். லிட்மஸ் தாள் இதற்குப் போதாது. இருவேளையும் அமிலம் என்றே காட்டிவிடக்கூடும். செடி முதல்நாள் நல்ல வெயிலில் இருந்திருந்தால் நிற வேறுபாடு தெளிவாகத் தெரியும்.