கட்டட அனுமதித் தாமத மனு
கட்டட அனுமதி விண்ணப்பத்தை உள்ளாட்சி அமைப்பு ஏற்கவும் செய்யாமல், மறுக்கவும் செய்யாமல் கிடப்பில் போடும்போது உயர் நீதிமன்றத்தில் தாக்கல் செய்யப்படும் மனு. அரசியலமைப்பின் 226ஆம் பிரிவின்கீழ், மாண்டமஸ் எனப்படும் செயலுறுத்தும் நீதிப்பேராணை கோரப்படுகிறது. தூத்துக்குடி மாவட்டத்து எப்போதும்வென்றான் போன்ற ஊர்க்காரர்கள் இதற்கு நாடவேண்டியது, 2004 ஜூலையில் தொடங்கிய சென்னை உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளையை.

இத்தகைய மனுக்களில் நீதிமன்றம் பொதுவாக அனுமதியைத் தானே வழங்குவதில்லை. ‘விண்ணப்பத்தைத் தகுதி அடிப்படையில், சட்டப்படி, இத்தனை வாரங்களுக்குள் பரிசீலித்து முடிவெடுக்க வேண்டும்’ என்று கெடு விதிப்பதே வழக்கம். முடிவு மறுப்பாகவும் இருக்கலாம். வென்றவர் கையில் கிடைப்பது பல நேரம் ஒரு தேதி மட்டுமே. ஆயினும் கெடுவை மீறினால் 1971ஆம் ஆண்டு நீதிமன்ற அவமதிப்புச் சட்டம் பாயும் என்பதால் கோப்பு நகர்கிறது.

எப்போதும்வென்றான் போன்ற ஊர்களின் கரிசல் மண் மழையில் உப்பி, கோடையில் பாளம் பாளமாக வெடிப்பது. ஐப்பசி மழைக்கு முன் அஸ்திவாரம் முடியாவிட்டால், சில வாரத் தாமதமே ஒரு பருவத்தை விழுங்கிவிடும்.

2024 ஜூலையில் தமிழக அரசு சுயசான்று முறையைக் கொண்டுவந்தது. அதன்படி, 2,500 சதுர அடி வரையிலான மனையில் 3,500 சதுர அடி வரை கட்டும் குடியிருப்புகளுக்கு இணையவழியில் உடனடி அனுமதி உண்டு. அம்முறை தொடங்கியபோது அதைவிடப் பெரியவையும் வணிகக் கட்டடங்களும் பழைய வரிசையிலேயே நின்றன.